திரைக்குப் பின்னால்: வாசகர் கேள்வி–பதில்

பதில் எழுதுபவர்: கோபிசெட்டிபாளையம், சத்தியமங்கலம், பொள்ளாச்சிப் பக்கம் நடந்த வெளிப்புறப் படப்பிடிப்புகளில் புரொடக்‌ஷன் மேனேஜராக வேலை பார்த்து ஓய்வு பெற்றவர்.

இரண்டு இதழ்களுக்கு முன் ஒரு பதிலில் ஆர்தர் பிரவுனர் என்ற தயாரிப்பாளரின் பெயரைப் போகிற போக்கில் எழுதியிருந்தேன். அதைப் பிடித்துக்கொண்டு நிறையக் கடிதங்கள் வந்திருக்கின்றன. நடிகரைப் பற்றியும் இயக்குநரைப் பற்றியும்தான் பொதுவாகக் கேட்பார்கள். தயாரிப்பாளரைப் பற்றி இத்தனை பேர் கேட்டதில் எனக்கு மனம் நிறைந்த சந்தோஷம். அதனால் இந்த இதழ் முழுக்க அந்தக் கேள்விகளுக்கே.

பிரவுனர் போரில் இடிந்த பெர்லினில் படக் கம்பெனி தொடங்கினார் என்று எழுதியிருந்தீர்கள். வீடும் சோறும் இல்லாத ஊரில் சினிமா எதற்கு? அவர் யார், என்ன செய்தார்?
– காட்சித் தொடர்பியல் மாணவி, கோபிசெட்டிபாளையம்

சொல்கிறேன் அம்மிணி. பிரவுனர் பிறப்பால் ஜெர்மன்காரர் இல்லை. 1918-ல் போலந்தின் லோட்ஸ் நகரில் ஒரு யூத மர வியாபாரியின் மகனாகப் பிறந்தவர். லோட்ஸ் பஞ்சாலைகளால் வளர்ந்த ஊர். நாஜிப் படை போலந்துக்குள் நுழைந்தபோது அவருக்கு வயது 21. ஓடியும் ஒளிந்தும் உயிர் தப்பினார். அவருடைய சொந்தபந்தத்தில் 49 பேர் கொல்லப்பட்டார்கள்.

இப்படிப்பட்ட ஒருவர் போர் முடிந்ததும் ஜெர்மனி இருக்கும் திசைக்கே தலைவைத்துப் படுக்கமாட்டார் என்றுதான் நாம் நினைப்போம். பிரவுனர் பெர்லினுக்கே போனார். 1946-ல், 28 வயதில், அங்கே சி.சி.சி. என்ற படக் கம்பெனியைத் தொடங்கினார். எதற்காக என்பது அவர் எடுத்த படங்களிலேயே தெரிகிறது. செத்துப்போனவர்களைப் பற்றிப் படம் எடுக்க வேண்டும், கொன்ற நாட்டின் மக்கள் அதை உட்கார்ந்து பார்க்க வேண்டும்.

அன்றைய பெர்லினில் படம் எடுப்பது எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். நகரத்தை நான்கு நாடுகள் நான்கு துண்டாகப் பிரித்து ஆண்டன. அவர்களில் ஒருவரிடம் லைசென்ஸ் வாங்காமல் யாரும் கேமராவைத் தொட முடியாது. பாபெல்ஸ்பெர்க் என்ற பெரிய ஸ்டூடியோ ரஷ்யர்களின் கைக்குப் போய்விட்டது. கச்சா ஃபிலிம் செய்த ஆக்ஃபா கம்பெனியின் வோல்ஃபென் ஆலையும் ரஷ்யர்களின் பகுதியில்தான் இருந்தது. (எழுபதுகளில் நம் பக்கம் கறுப்பு வெள்ளைப் படத்தில் வேலை பார்த்தவர்களுக்கு ‘ஓர்வோ’ என்று எழுதிய டப்பா ஞாபகம் இருக்கும். அது அதே ஆலையின் சரக்கு.) மேற்குப் பக்கம் இருந்தவர்களுக்கு ஃபிலிமுக்கும் தட்டுப்பாடு, கரண்டுக்கும் தட்டுப்பாடு, செட் போட மரத்துக்கும் தட்டுப்பாடு. ஒரு யூனிட்டுக்கு மூன்று வேளை சோறு போடுவதே அன்றைக்குப் பெரிய காரியம். யூனிட் சாப்பாட்டுக்குப் பொறுப்பாக இருந்தவன் என்பதால் அந்தக் கஷ்டத்தை என்னால் கொஞ்சம் ஊகிக்க முடிகிறது.

இந்த நிலைமையில்தான் அவர் ‘மோரிதூரி’ படத்தை எடுத்தார். கதையும் அவருடையதுதான். வதை முகாமிலிருந்து தப்பிய கைதிகள் காட்டுக்குள் ஒளிந்துகொள்கிறார்கள். ஏற்கெனவே அங்கே பதுங்கியிருக்கும் பல நாட்டு மனிதர்களோடு சேர்ந்து, போர்முனை தங்களைத் தாண்டிப் போகும்வரை காத்திருக்கிறார்கள். ஒவ்வொருவரும் அவரவர் மொழியில் பேசுவார்கள். இயக்கியவர் ஒய்கன் யோர்க். பின்னாளில் உலகப் புகழ் பெற்ற நடிகர் கிளாவுஸ் கின்ஸ்கிக்கு அதுதான் முதல் படம். 1948-ல் வெனிஸ் விழாவில் காட்டினார்கள். அதே ஆண்டு செப்டம்பரில் ஜெர்மனியில் வெளியானது.

படம் படுத்துவிட்டது. கூட்டம் வரவில்லை. வந்தவர்களிலும் பலர் கூச்சல் போட்டார்கள். தியேட்டர்காரர்கள் படத்தைத் தூக்கினார்கள். போர் முடிந்து மூன்றே வருடம் ஆன ஊரில் யாருக்கும் தன் முகத்தைக் கண்ணாடியில் பார்க்கும் தெம்பு இல்லை. பிரவுனர் தலையில் கடன் விழுந்தது. அதை அடைக்கப் பல வருடங்கள் ஆயின.

இதற்குப் பிறகு அவர் செய்ததுதான் எனக்கு ரொம்பப் பெரிதாகத் தெரிகிறது. தொழிலை விட்டு ஓடவில்லை. மக்கள் எதைப் பார்க்கத் தயாராக இருந்தார்களோ அதை எடுத்துக் கொடுத்தார். பாட்டுப் படம், சிரிப்புப் படம், காதல் படம், துப்பறியும் படம். பெர்லினின் ஸ்பாண்டவ் பகுதியில், போர்க்காலத்தில் விஷவாயு வேலைக்குப் பயன்பட்ட பழைய தொழிற்சாலை ஒன்றைப் பிடித்து ஸ்டூடியோ ஆக்கினார். விஷவாயுவால் தன் இனத்தைக் கொன்ற நாட்டில், விஷவாயு வேலை நடந்த கூரைக்கு அடியிலேயே, தச்சர்களும் லைட்மேன்களும் தையல்காரர்களும் கூலி வாங்க ஒரு இடத்தை உண்டாக்கினார்.

அங்கே சம்பாதித்ததை வைத்து, நாஜிக் காலத்தில் நாட்டை விட்டு ஓடிய கலைஞர்களை ஒவ்வொருவராகத் திரும்ப அழைத்தார். ராபர்ட் சியோட்மாக் வந்து இயக்கிய ‘எலிகள்’ 1955-ல் பெர்லின் விழாவின் முதல் பரிசான தங்கக் கரடி வாங்கியது. இயக்குநர் ஃபிரிட்ஸ் லாங்கும் வந்தார். அதே 1955-ல், ஹிட்லரைக் கொல்ல முயன்ற ராணுவ அதிகாரிகளைப் பற்றி பிரவுனர் ஒரு படம் எடுத்தார்.

முகாம்களின் கதையையும் அவர் விட்டுவிடவில்லை. அறுபதுகளில் மறுபடி தொட்டார். 1970-ல் இத்தாலிய இயக்குநர் டி சிகாவின் ‘ஃபின்ஸி கான்டினிகளின் தோட்டம்’ படத்தில் பங்குதாரர் ஆனார். அது சிறந்த பிறமொழிப் படத்துக்கான ஆஸ்கர் வாங்கியது. 1990-ல் ‘யூரோப்பா யூரோப்பா’ எடுத்தார். அதை ஜெர்மனியின் சார்பில் ஆஸ்கருக்கு அனுப்ப ஜெர்மன் தேர்வுக் குழு மறுத்துவிட்டது. போர் முடிந்து 45 வருடம் ஆன பிறகும் அப்படி. எண்பது வயதைத் தாண்டிய பிறகும் அதே விஷயத்தில் படம் எடுத்தார். இந்த வரிசையில் 21 படங்கள் நாஜிகளால் கொல்லப்பட்ட யூதர்களுக்காக ஜெருசலேமில் உள்ள யாத் வாஷேம் நினைவகத்துக்குப் போயின. 2019 ஜூலையில், 100 வயதில், பெர்லினிலேயே காலமானார். மொத்தம் இருநூறுக்கும் மேற்பட்ட படங்கள்.

வீடு இல்லாத ஊரில் சினிமா எதற்கு என்று கேட்டீர்கள். வீடு கட்டுகிறவர்கள் இருந்தார்கள், அம்மிணி. நடந்ததைச் சொல்லவும் ஒருத்தர் வேண்டும் என்று அவர் நினைத்தார். நானும் அப்படித்தான் நினைக்கிறேன்.

சாப்பாட்டுக்கே வழியில்லாத ஜனங்கள் எப்படி டிக்கெட் வாங்கினார்கள்? தயாரிப்பாளருக்குப் பணம் எங்கிருந்து வந்தது?
– ஜவுளி மொத்த வியாபாரி, ஈரோடு

வியாபாரிக்கு வருகிற கேள்வி. போர் முடிந்ததும் ஜெர்மனியில் பழைய மார்க் நோட்டு எல்லார் கையிலும் இருந்தது, கடையில்தான் சரக்கு இல்லை. வெண்ணெய்க்கும் செருப்புக்கும் கள்ளச்சந்தைதான், அங்கே சிகரெட்தான் காசு. அந்த மதிப்பிழந்த நோட்டைக் கொடுத்து வாங்கக்கூடிய சில பொருட்களில் சினிமா டிக்கெட்டும் ஒன்று. அதனால் மிஞ்சி நின்ற தியேட்டர்களில் கூட்டம் முட்டியது.

1948 ஜூன் 20-ல் மேற்குப் பகுதிகளில் புது மார்க் வந்தது. தொடக்கமாக ஆளுக்கு 40 மார்க் கொடுத்தார்கள். மறுநாளே கடைகளில் பொருட்கள் எட்டிப்பார்த்தன. பொருள் வந்துவிட்டால் டிக்கெட் வாங்குகிறவர் யோசிப்பார் இல்லையா? பழைய நோட்டைக் கணக்குப் போட்டுப் படம் எடுத்தவர்கள் புது நோட்டில் கடன் அடைக்க வேண்டியதாயிற்று. ‘மோரிதூரி’ வெளியானது சரியாக இந்த நேரத்தில். நஷ்டம் முழுவதையும் விஷயத்தின் மேலேயே போட முடியாது என்று நான் நினைப்பது இதனால்தான். தீபாவளிச் சரக்கு தீபாவளி முடிந்து வந்து சேர்ந்தால் என்ன ஆகும் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

அப்புறம் ஐம்பதுகளில் பணம் வந்த வழி உங்களுக்குப் பழக்கமானதாகவே இருக்கும். அங்கேயும் மினிமம் கேரண்டிதான். விநியோகஸ்தர் இவ்வளவு தருகிறேன் என்று எழுதிக் கொடுப்பார், அந்தக் காகிதத்தைக் காட்டி பாங்கில் கடன் வாங்கிப் படத்தைத் தொடங்குவார்கள். காசு போடுகிறவர் என்ன கேட்பார்? இந்த நடிகை, இந்த நடிகர், போன வருடம் ஓடிய மாதிரியே ஒரு கதை. நம் கோவை ஏரியாவிலும் சேலம் ஏரியாவிலும் இந்தப் பேச்சுவார்த்தை நடக்கிற அறைகளில் நான் ஓரமாக நின்றிருக்கிறேன். நெகட்டிவ் லேபில் இருக்கும், கடன் அடையாமல் நெகட்டிவை வெளியே விடமாட்டோம் என்று லேப் எழுதிக் கொடுக்கும் லேப் லெட்டர் ஃபைனான்சியர் கையில் இருக்கும், தயாரிப்பாளர் வட்டிக்கும் ரிலீஸ் தேதிக்கும் நடுவில் தூக்கம் இல்லாமல் இருப்பார். அந்த நிலையில் இருக்கிற மனிதர் தன் மனசுக்குப் பிடித்த கதையைச் சொல்ல வாய் திறப்பதே கஷ்டம்.

மேற்கு ஜெர்மனியில் 1956-ல் மட்டும் 81 கோடிக்கும் மேல் டிக்கெட் விற்றது. அந்தக் காலத்தில் அங்கே ஓடியதெல்லாம் காடு, மலை, கிராமத்துத் திருவிழா, பச்சைப் புல்வெளி நிறைந்த படங்கள். இடிந்த சுவர் ஒன்றுகூட கண்ணில் படாத இடமாகத் தேடிப் போய் எடுத்தார்கள். நம் ஊர் வயலையும் வாய்க்காலையும் தேடி வந்த கேமராக்களைப் பார்த்துப் பழகியவன் நான். பச்சையைப் பார்த்தால் மனசு ஆறும் என்பது எந்த ஊர் ஜனத்துக்கும் பொதுதான்.

ஜெர்மன் சினிமா என்றாலே எரிக் போம்மர்தான். அவரை விட்டுவிட்டு பிரவுனரைத் தூக்கி வைக்கிறீர்களே? பிரவுனர் எடுத்ததில் பாதி மசாலா என்று விமர்சகர்களே சொன்னார்கள்.
– ஓய்வுபெற்ற ஆசிரியர், நாமக்கல்

போம்மரை விட முடியுமா ஐயா? அவர் இரண்டு போர்களுக்குப் பிறகும் வேலை பார்த்த ஜெர்மன் தயாரிப்பாளர். முதல் உலகப் போரில் காயம்பட்டுத் திரும்பினார். 1920 பிப்ரவரியில் வெளியான ‘டாக்டர் காலிகரி’ அவருடைய டெக்லா கம்பெனி படம். வீடுகளையும் நிழலையும்கூடத் துணியில் வரைந்து வைத்து எடுத்தார்கள். தோற்ற நாட்டின் படத்தை உலகம் வாங்க வேண்டுமானால், வேறு யாரிடமும் கிடைக்காத சரக்காக இருக்க வேண்டும் என்பது அவர் கணக்கு. 1923 நவம்பரில் ஒரு டாலருக்கு 4.2 லட்சம் கோடி மார்க் என்று பணம் நாசமாய்ப் போனது. அந்தப் பணவீக்கமே படங்களை வெளிநாட்டில் விற்றவர்களுக்குக் கைகொடுத்தது, உள்ளே செலவு மார்க்கில், வெளியே வரவு டாலரில். ‘மெட்ரோபொலிஸ்’, ‘நீல தேவதை’ வரை அவர் கை பட்ட படங்களின் வரிசை பெரிது. 1933-ல் ஹிட்லர் வந்ததும், யூதர் என்பதால் அவர் வேலை பார்த்த ஊஃபா நிறுவனமே அவரை வெளியே அனுப்பியது.

1946-ல் அவர் அமெரிக்க ராணுவ நிர்வாகத்தின் திரைப்பட அதிகாரியாக ஜெர்மனி திரும்பினார். மியூனிக், பெர்லின் ஸ்டூடியோக்களை நிமிர்த்துவது, யாருக்கு லைசென்ஸ் தரலாம் என்று பார்ப்பது, எல்லாம் அவர் பொறுப்பு. ஹாலிவுட் கம்பெனிகளுக்கு இது பிடிக்கவில்லை. தங்கள் பழைய படங்களைக் கொண்டுவந்து கொட்ட அவர்களுக்கு ஜெர்மனி ஒரு சந்தை, அங்கே உள்ளூர்த் தொழில் எழுந்தால் நஷ்டம். நடுவில் மாட்டிக்கொண்டு அவர் பட்ட பாடு கொஞ்சமல்ல. 1949-ல் அந்தப் பதவியை விட்டார். பிறகு மியூனிக்கில் சொந்தமாகச் சில படங்கள் எடுத்துவிட்டு அமெரிக்காவுக்கே போய், 1966-ல் காலமானார்.

கலை என்று பார்த்தால் போம்மர் பக்கம்தான் தட்டு தாழும், ஒப்புக்கொள்கிறேன். நான் பிரவுனரைச் சொல்வது வேறு காரணத்துக்காக. போம்மருக்குப் பின்னால் பெரும்பாலும் ஒரு பெரிய நிறுவனமோ ஒரு அரசோ இருந்தது. பிரவுனருக்கு முதல் படமாக இருந்தாலும் கடைசிப் படமாக இருந்தாலும் சொந்தக் கையெழுத்துத்தான். 1962-ல் ஓபர்ஹவுசன் நகரில் 26 இளைஞர்கள் கூடி, பழைய சினிமா செத்துவிட்டது என்று அறிக்கை விட்டார்கள். அவர்கள் சொன்ன பழைய சினிமாவில் பிரவுனரும் சேர்த்தி. அந்த இளைஞர்களின் கோபத்திலும் நியாயம் இருந்தது. ஆனால் மசாலாவில் வந்த காசில் முகாம் படம் எடுத்த ஒரு தயாரிப்பாளரை ‘வியாபாரி’ என்று ஒதுக்குவது அநியாயம்.

பிரவுனர் இந்தியாவுக்கு வந்து படம் எடுத்தது உண்மையா?
– வாசகி, பொள்ளாச்சி

உண்மைதான். ஃபிரிட்ஸ் லாங் இயக்கத்தில் ‘எஷ்னபூரின் புலி’, ‘இந்தியக் கல்லறை’ என்ற இரண்டு பாகப் படம். உதய்ப்பூரில் வெளிப்புறக் காட்சிகள், மீதி பெர்லின் ஸ்டூடியோவில். 1959-ல் வெளியாகி நல்ல வசூல். அதில் காட்டிய இந்தியா நம் கண்ணுக்கு அந்நியமாகத்தான் தெரியும்.

உலகப் போர் நம் பக்கத்துத் தயாரிப்பாளர்களைப் பாதித்ததா?
– வாசகர், சேலம்

உங்கள் ஊரிலேயே பதில் இருக்கிறது. ஏற்காடு சாலையில் மாடர்ன் தியேட்டர்ஸ் நடத்திய டி.ஆர். சுந்தரம், இங்கிலாந்தில் ஜவுளித் தொழில் படித்துவிட்டு வந்து சினிமாவில் இறங்கியவர். குண்டு விழாவிட்டாலும் போர் இங்கே ஃபிலிம் டப்பாவில் தெரிந்தது. கச்சா ஃபிலிம் முழுக்க இறக்குமதி. 1943-ல் பிரிட்டிஷ் அரசு ஒரு படம் 11,000 அடிக்கு மேல் போகக்கூடாது என்று கட்டுப்பாடு போட்டது. அதுவரை 18,000, 20,000 அடி என்று ஓடிய தமிழ்ப் படங்களில் பாட்டுகள் குறைந்தன, கதை வேகமெடுத்தது. போருக்கு ஆதரவான படம் எடுக்கச் சொல்லியும் அரசு நெருக்கியது. மாடர்ன் தியேட்டர்ஸின் ‘பர்மா ராணி’ 1945-ல் அப்படி வந்த படம். அந்த நெருக்கடியில் ஸ்டூடியோவை மூடாமல், மாதச் சம்பளக்காரர்களை வைத்து நடத்தியவரை நாம் இன்னும் விரிவாகப் பேச வேண்டும். வேறொரு இதழில் எழுதுகிறேன்.

எங்கள் குடும்பம் இலங்கையிலிருந்து வந்து இங்கே முகாமில் இருக்கிறது. யாழ்ப்பாணத்தில் உள்ள என் மச்சானும் நானும் சேர்ந்து அங்கே ஒரு சிறிய படம் எடுக்க நினைக்கிறோம். எங்கிருந்து தொடங்குவது?
– இளைஞர், பவானிசாகர்

தம்பி, உங்கள் கடிதத்தைப் பல முறை படித்தேன். நீங்கள் புதுசாகப் பாதை வெட்டவில்லை, உங்களுக்கு முன்னால் ஆட்கள் இருக்கிறார்கள். 1972-லேயே கட்டடக் கலைஞர் வி.எஸ். துரைராஜா தன் பணத்தைப் போட்டு ‘குத்துவிளக்கு’ எடுத்தார். கொழும்பில் கே. குணரத்தினம் என்ற தமிழர் சிங்களப் படங்களை வரிசையாகத் தயாரித்தவர், தியேட்டர்கள் வைத்திருந்தவர். ஹெந்தளையில் இருந்த அவருடைய விஜயா ஸ்டூடியோ 1983 ஜூலையில் எரிக்கப்பட்டது. 1989-ல் அவரும் சுட்டுக் கொல்லப்பட்டார். இதை உங்களைப் பயமுறுத்தச் சொல்லவில்லை. இதிலிருந்து ஒரு காரியத்தைக் கண்டிப்பாகச் செய்யுங்கள். எடுத்த காட்சிகளின் பிரதியை அன்றன்றைக்கே இரண்டாவது ஒரு ஊருக்கு அனுப்பிவிடுங்கள். இப்போது அது ஹார்டு டிஸ்க் செலவுதான். எந்தக் காலத்திலும் ஒரே அறையில் எல்லாவற்றையும் வைக்காதீர்கள்.

அடுத்தது, யாரிடம் காட்டப் போகிறீர்கள் என்பதை முதலிலேயே முடிவு செய்யுங்கள். ஊரில் இருப்பவர்களுக்கு, அவர்கள் பட்டதை மறுபடி காட்டினால் எழுந்து போகலாம். ‘மோரிதூரி’க்கு நடந்தது அது. வெளிநாட்டில் இருக்கும் நம் சனங்களுக்கு அதே படம் வேறு மாதிரி தெரியலாம். முதல் படத்தில் எல்லாவற்றையும் சொல்லிவிட வேண்டும் என்ற அவசரம் வேண்டாம். 2015-லிருந்து யாழ்ப்பாணத்தில் சர்வதேச சினிமா விழா நடக்கிறது. அங்கே வருகிறவர்கள் எதைப் பார்த்து உட்கார்ந்திருக்கிறார்கள், எதற்கு எழுந்து போகிறார்கள் என்று மச்சானைக் கவனித்து வரச் சொல்லுங்கள்.

பிள்ளையைப் பறிகொடுத்த தாயைக் கேமரா முன்னால் அழவைத்துப் படம் எடுக்கப் போகிறீர்கள் என்றால், தயவுசெய்து வேண்டாம். அவர் தானாகப் பேச வந்தால், வீட்டில் உள்ளவர்கள் சம்மதத்தோடு, எடுத்ததை முதலில் அவருக்குப் போட்டுக் காட்டிவிட்டு வெளியிடுங்கள். வேண்டாம் என்றால் வெட்டிவிடுங்கள். அந்த உரிமையை எழுத்திலேயே கொடுங்கள்.

மச்சான் என்றாலும் பங்கு ஒப்பந்தம் காகிதத்தில் இருக்கட்டும். யார் எவ்வளவு போடுகிறார், லாபத்தில் யாருக்கு எவ்வளவு, படம் நின்றுபோனால் காட்சிகள் யாருடையவை, இந்த மூன்றும் தெளிவாக இருந்தால் உறவும் நிற்கும், படமும் நிற்கும். முகாமில் இருப்பதால் நீங்கள் நேரில் போய்வருவதற்குச் சட்டப்படி என்ன அனுமதி தேவை என்பதை முகாம் வட்டாட்சியர் அலுவலகத்தில் விசாரித்துக்கொண்ட பிறகே தேதி குறியுங்கள்.

பட்ஜெட்டை ஒரு தாளில் எழுதி இதழின் முகவரிக்கு அனுப்புங்கள், வரிவரியாகப் பார்த்துப் பதில் எழுதுகிறேன். சாப்பாடு, பேட்டா (தினப்படி), வண்டி வாடகை மூன்றையும் ஒன்றாகச் சேர்க்காமல் தனித்தனியாகப் போடுங்கள். சின்னப் படங்கள் பெரும்பாலும் அந்த மூன்று கணக்கில்தான் நின்றுபோகின்றன.